நொய்யும் பன்றியும்: திருத்தணி அடுப்பில் ஒரு சைகோன் சாப்பாடு

(பாட்காஸ்ட் எபிசோடின் எழுத்து வடிவம். படிக்க வசதியாகச் சுருக்கித் திருத்தப்பட்டது.)

2021 ஜனவரி முதல் வாரம் ஒரு செய்தி வந்துச்சு. அப்போ கொரோனா, தடுப்பூசின்னு எல்லாரும் வேற கவலையில இருந்ததால பலர் கண்ணுல படாம போயிருக்கலாம். உலகத்துக்கே அரிசி ஏற்றுமதி பண்ற நாடுகள்ல மூணாவது இடத்துல இருந்த வியட்நாம், பல பத்தாண்டுகளுக்கு அப்புறம் முதல் தடவையா இந்தியாவிலிருந்து அரிசி வாங்குச்சு. 70,000 டன். டன் 310 டாலர் அளவுக்கு விலை. வாங்கினது பொன்னியோ பாசுமதியோ இல்ல. நொய். நூத்துக்கு நூறு உடைந்த அரிசி.

அந்த நொய் பெரும்பாலும் மாட்டுத் தீவனத்துக்கும் பீர் காய்ச்சவும் நூடுல்ஸ் மாதிரி பொருட்களுக்கும் போகும்னு வியாபாரிகள் சொன்னாங்க. ஆனா வியட்நாமுக்கும் நொய்க்கும் இன்னொரு உறவு இருக்கு. சைகோன்ல, அதாவது இன்னிக்கு ஹோ சி மின் நகரம்னு பேர் போட்டிருக்கிற ஊர்ல, காலையில தெருமுனைக்குப் போனா கரி அடுப்புப் புகை வரும். பன்றித் துண்டு வாட்டுவாங்க. அதை ஒரு தட்டுல வச்சுக் கொடுப்பாங்க. அடியில இருக்கிறது நொய்ச் சோறு. பேரு 'கொம் தாம்'. கொம்னா சோறு, தாம்னா நொய். 'நொய்ச்சோறு', அவ்வளவுதான். மணக்குற பேரெல்லாம் ஒண்ணும் கிடையாது. அந்த நகரத்தோட அடையாளமே இந்தத் தட்டுதான்.

நான் அதைத் திருத்தணியில ஒரு வாடகை வீட்டுல சமைச்சேன். ஆறுபடை வீடுகள்ல அஞ்சாவது. நாளுக்கு ஒண்ணா 365 படி. டிசம்பர் 31 ராத்திரி படிக்குப் படி சூடம் ஏத்தி பூஜை நடக்கிற மலை. ஆடிக் கிருத்திகைக்கு மலை முழுக்கப் பூக்காவடி. அந்த ஊர்ல நொய்யும் பன்றியும் சமைச்சா என்ன ஆகும்ங்கிறது பாதிக் கதை. இந்த ரெண்டு பொருளும் எங்கெங்க போய்ட்டு வந்திருக்குங்கிறது மீதிக் கதை. இன்னிக்கு ரெண்டையும் சேத்தே பேசறேன்.

முதல்ல நொய். நகரத்துல வளர்ந்தவங்களுக்குச் சொல்லணும்னா, நெல்லை அரைக்கும்போது எல்லா அரிசியும் முழுசா வெளிய வராது. கொஞ்சம் உடையும். நெல் ரொம்பக் காய்ஞ்சிருந்தாலும் உடையும், ஈரமா இருந்தாலும் உடையும். வயல்ல அறுக்காம விட்டு வெயிலும் பனியும் மாறி மாறிப் பட்டா உள்ளுக்குள்ளயே விரிசல் விட்டுரும். புழுங்க வச்ச நெல் அவ்வளவா உடையாது, ஏன்னா அவிக்கும்போது உள்ள இருக்கிற மாவுச்சத்து இறுகி அந்த விரிசலை ஒட்டிடும். பச்சரிசி நிறைய உடையும். வியட்நாம்ல எல்லாமே பச்சரிசி. அதனால ஆலைக்கு ஆலை நொய் குவியும்.

நல்ல அரிசி துறைமுகத்துக்குப் போகும். நொய்யை ஆலையில வேலை செய்யறவங்களும் விவசாயிகளும் சாப்பிடுவாங்க. இது மேகாங் கழிமுகத்துக்கு மட்டுமான கதை இல்லன்னு உங்களுக்கே தெரியும். எங்க பாட்டி ரைஸ் மில்லுல புடைக்கிற வேலைக்குப் போனவங்க. கூலியில ஒரு பங்கு நொய்யா வரும். எங்க வீட்டுல ரெண்டு தலைமுறை அந்த நொய்க் கஞ்சியில வளர்ந்தது. இந்தப் பக்கத்துல கேழ்வரகுக் கூழ் காய்ச்சும்போது நொய்யைத்தான் முதல்ல வேக விடுவாங்க, அப்புறம்தான் மாவைக் கரைச்சு ஊத்துவாங்க. ஆடி மாசம் அம்மன் கோவில்ல அண்டா அண்டாவா ஊத்துற கூழ்ல கடிபடுற அந்தச் சின்னப் பருக்கை நொய்தான். எல்லைக்கு அந்தப் பக்கம் சங்கட்டி கிண்டும்போதும் அரிசி சேர்ப்பாங்க. சாமிக்கு ஊத்துற கூழ்ல இருந்தா அது பிரசாதம். வீட்டுல தினமும் இருந்தா அது வறுமை. அதே நொய்தான்.

இப்போ சைகோனுக்குப் போவோம்.

1859ல பிரெஞ்சுப் படை சைகோனைப் பிடிக்குது. அடுத்த வருஷமே துறைமுகத்தை வெளிநாட்டுக் கப்பல்களுக்குத் திறந்து விடறாங்க. 1862 ஒப்பந்தத்துல சுத்தி இருக்கிற மூணு மாகாணமும் கைக்கு வருது. அதுக்கு அவங்க வச்ச பேரு கொச்சின்சீனா. அப்புறம் கால்வாய் மேல கால்வாயா வெட்டி, சதுப்பு நிலத்தை எல்லாம் நெல் வயலா மாத்தறாங்க. 1920கள்ல இந்தோசீனாவிலிருந்து வருஷத்துக்குப் பத்து லட்சம் டன்னுக்கு மேல அரிசி வெளிய போச்சு. ஆலைகள் சோலோன் பகுதியில சீனர்கள் கையில. சரி, வயலுக்குப் பணம்? நாத்து நட, மாடு வாங்க, அறுவடை வரைக்கும் சாப்பிடக் கடன் யார் கொடுத்தது?

நாட்டுக்கோட்டை நகரத்தார். பர்மாவுல ஐராவதி கழிமுகத்துல செஞ்ச அதே தொழிலை மேகாங் கழிமுகத்துலயும் செஞ்சாங்க. பர்மா அளவுக்குப் பெருசு இல்ல, ஆனா சின்னதும் இல்ல. நிலத்தை அடமானம் வச்சுக் கடன். வட்டி எப்படி இருந்திருக்கும்னு நீங்களே யூகிச்சுக்கலாம். 1930கள்ல உலகப் பொருளாதாரம் சரிஞ்சப்போ நெல் விலை பாதாளத்துக்குப் போச்சு, கடன் வாங்கினவன் நிலம் போச்சு, செட்டியார் மேல அங்க கோபம் வந்துச்சு. இந்தப் பக்கத்தை நாம பெருமையாப் பேசற 'கடல் கடந்த தமிழர்' கதைகள்ல பெரும்பாலும் விட்டுடுவோம். கோவிலைப் பத்தி மட்டும் பேசுவோம்.

கோவில் இருக்கு, இல்லைன்னு சொல்லல. சைகோன் நடு ஊர்ல, தோன் தாட் தியெப் தெருவுல, 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில நகரத்தார் கட்டின தெண்டாயுதபாணி கோவில் இன்னிக்கும் நிக்குது. பிரெஞ்சுக்காரங்க காலத்துல அந்தத் தெருவுக்குப் பேரு ஒயியே தெரு. கடையும் கிட்டங்கியுமா செட்டியார்கள் இருந்த தெரு அது. கொஞ்ச தூரத்துல இன்னொரு சுப்பிரமணியர் கோவில். ட்ருவாங் டின் தெருவுல மாரியம்மன் கோவில். அந்த மாரியம்மனுக்கு இப்போ விளக்கு ஏத்துறவங்கள்ல பெரும்பாலானவங்க வியட்நாம்காரங்களும் சீனர்களும்தான். ஊதுபத்தியைக் கொத்தா கையில பிடிச்சுக்கிட்டு, சுவத்துல நெத்தியை வச்சு வேண்டிக்குவாங்க. அம்மனுக்கு மொழி ஒரு பிரச்சனையா இருந்ததில்ல போல.

ஆக, திருத்தணி முருகனுக்குச் சைகோன்ல ஒரு வீடு இருக்கு. நொய்யோட ஊர்ல. அந்த வீட்டைக் கட்டின காசே அரிசியில வந்த காசு.

இன்னொரு விஷயம், இதைப் படிச்சப்போ எனக்குச் சிரிப்பு வந்துருச்சு. 1930கள்ல சயாமிலிருந்தும் இந்தோசீனாவிலிருந்தும் மலிவான நொய் கப்பல் கப்பலா சென்னை மாகாணத்துக்குள்ள வந்து இறங்குச்சு. நம்ம ஊர் நெல்லுக்கு விலை கிடைக்கலன்னு மிராசுதாரர்கள் கத்தினாங்க. 1935ல வெளிநாட்டு நொய்க்குன்னு தனியா இறக்குமதி வரியே போட்டாங்க. அப்போ சைகோன் நொய் நம்ம கஞ்சிப் பானைக்கு வந்துச்சு, 2021ல நம்ம நொய் சைகோனுக்குப் போச்சு. 2022 செப்டம்பர்ல இந்திய அரசு நொய் ஏற்றுமதியைத் தடை பண்ணி, 2025 மார்ச்லதான் திரும்பத் திறந்துச்சு. ஏழை சாப்பிடற பொருள்னு நாம நினைக்கிற ஒண்ணுக்கு எவ்வளவு அரசாணை பாருங்க.

செட்டியார்கள் மட்டும்தான் போனாங்கன்னு நினைச்சா தப்பு. அவங்க பெண்டாட்டி பிள்ளைகளை ஊர்ல விட்டுட்டு மூணு வருஷக் கணக்குக்குப் போய்ட்டு வந்தவங்க. கூத்தாநல்லூர், காரைக்கால், நாகூர்ப் பக்கத்து முஸ்லிம் வியாபாரிகள் துணிக்கடை வச்சாங்க. 1935ல அவங்க கட்டின மசூதி டோங் டு தெருவுல அழகா நிக்குது. இந்த ரெண்டு கூட்டத்துக்கும் சைகோன் பன்றித் தட்டுக்கும் பெருசா சம்பந்தம் இருந்திருக்காது. சம்பந்தம் இருந்தது மூணாவது கூட்டத்துக்கு. புதுச்சேரி, காரைக்கால்லேருந்து பிரெஞ்சு அரசாங்க வேலைக்குப் போனவங்களுக்கு.

இவங்களைப் பிரெஞ்சுல 'ரெனோன்சான்'னு சொல்வாங்க. துறந்தவர்கள்னு அர்த்தம். காவி கட்டின துறவு இல்ல. 1881 செப்டம்பர் 21 தேதியிட்ட ஆணைப்படி, புதுச்சேரி இந்தியர் ஒருத்தர் தன் ஜாதி, மத வழக்கப்படியான தனிச் சட்டத்தைக் கைவிடறேன்னு எழுதிக் கொடுத்து, ஒரு குடும்பப் பேரும் வச்சுக்கிட்டா, பிரெஞ்சுச் சிவில் சட்டம் அவருக்குப் பொருந்தும். முன்னின்னு நடத்தினவர் பொன்னுத்தம்பிப் பிள்ளைன்னு ஒரு வக்கீல். 1873ல ஐரோப்பிய ஷூ போட்டுக்கிட்டு கோர்ட்டுக்குள்ள போனதுக்காக அவரை வெளிய நிறுத்தினாங்க. வழக்கு பாரீஸ் வரைக்கும் போய் ஜெயிச்சார். பேரையும் லபோர்த்னு மாத்திக்கிட்டார். அவர் வேளாளர். ஆனா அந்தக் காகிதத்துல கையெழுத்துப் போட வரிசையில நின்னவங்கள்ல நிறையப் பேர் கிறிஸ்தவங்க, அதுலயும் தலித் கிறிஸ்தவங்க. ஜாதியைத் துறக்கறேன்னு எழுதிக் கொடுக்கறதுல யாருக்கு இழக்க ஒண்ணும் இல்லையோ அவங்க.

இவங்க சைகோன்ல போலீஸ், சுங்கம், வரி வசூல், கோர்ட் குமாஸ்தா வேலைகள்ல சேர்ந்தாங்க. ஓட்டும் போட்டாங்க. அந்த ஊர் வியட்நாம்காரனுக்கு இல்லாத ஓட்டு காரைக்கால் தமிழனுக்கு இருந்துச்சுன்னா அங்க எப்படிப் பாத்திருப்பாங்கன்னு யோசிச்சுக்கோங்க. தெற்கு வியட்நாம்ல உறவுகளை எண்ணிக்கை வச்சுத்தான் கூப்பிடுவாங்க, மூத்தவரே 'ரெண்டு'லதான் ஆரம்பிப்பார். சீனருக்கு 'மூணாவது சித்தப்பா', இந்தியருக்கு 'ஏழாவது அண்ணன்'. அன்பும் நக்கலும் கலந்த பேரு. நம்ம 'கறி' அங்க 'கா ரி' ஆச்சு. இன்னிக்கும் கோழிக் கா ரியைத் தேங்காய்ப்பால் ஊத்தி, பிரெஞ்சு ரொட்டியில தொட்டுச் சாப்பிடறாங்க. அந்த ஒரு தட்டுலயே மூணு நாடு உக்காந்திருக்கு.

நிறையப் பேர் அங்கேயே வியட்நாம் பெண்களைக் கல்யாணம் பண்ணிக்கிட்டாங்க. 1954 மே 7ல தியன் பியன் பூ விழுந்துச்சு. அதே வருஷம் நவம்பர் 1ல புதுச்சேரி இந்தியா வசம் வந்துச்சு. ஒரே வருஷத்துல ரெண்டு பக்கமும் பிரெஞ்சுக் கொடி இறங்கிருச்சு. சிலர் பிரான்சுக்குப் போனாங்க, சிலர் பாண்டிக்குத் திரும்பினாங்க, சிலர் 1975 ஏப்ரல் 30 வரைக்கும் அங்கேயே இருந்து பார்த்தாங்க. திரும்பினவங்க வீட்டுச் சமையலறையில வியட்நாம் மாமியாரும் வந்தாங்க. பாண்டியில கிறிஸ்துமஸுக்கும் கல்யாணத்துக்கும் 'நெம்'னு ஒண்ணு பொரிப்பாங்களே, அரிசித் தாள்ல பன்றிக் கைமா சுருட்டினது, அது இந்த வழியா வந்ததுதான்.

சரி, சமையலுக்கு வருவோம். இல்ல, அதுக்கு முன்னாடி பன்றி.

பன்றிக்கறியை நான் அரக்கோணம் போய் வாங்கிட்டு வந்தேன். அது ரயில்வே ஊர், ஆங்கிலோ இந்தியர்கள் குடும்பம் குடும்பமா இருந்த ஊர். ஞாயித்துக்கிழமை காலையில யாரும் கேள்வி கேக்க மாட்டாங்க. எலும்போட ஒரு கிலோ, அரை விரல் கனத்துக்குத் துண்டு போடச் சொன்னேன். சாயந்தரம் வாட்ட ஆரம்பிச்சதும் வீட்டுக்கார அக்கா மாடியிலேருந்து எட்டிப் பாத்தாங்க.

"என்னாம்மா, கறியா?"

"ஆமாங்க்கா. பன்னிக் கறி."

கொஞ்ச நேரம் ஒண்ணும் சொல்லல. அப்புறம், "இன்னிக்குக் கிருத்திகை இல்ல, செய்யி. ஆனா பாத்திரத்தைக் கீழ குழாயண்ட கழுவாத. எல்லாரும் தண்ணி புடிக்கிற எடம்."

அந்த அக்கா கெட்டவங்க இல்ல. காய்ச்சல்னா கஞ்சி கொண்டு வந்து குடுக்கறவங்க. அவங்க வீட்டுலயே ஆட்டுக்கறி, கோழி, கருவாடு எல்லாம் உண்டு. அதே குழாய்லதான் மீன் சட்டியும் கழுவறோம். ஆக, பிரச்சனை மாமிசம் இல்ல. பன்றி யாரோட சாப்பாடுங்கிறதுதான் பிரச்சனை. பன்றி வளர்க்கறவங்க யாரு, அதைச் சாப்பிடறவங்க ஊர்ல எந்தப் பக்கம் குடியிருக்காங்கங்கிறது நம்ம ஊர்ல எல்லாருக்கும் சொல்லாமலே தெரியும். 'மாமன்னன்' படத்துல நாயகன் பன்றிக்குட்டிகளைத் தூக்கிக் கொஞ்சறப்போ தியேட்டர்ல ஒரு அமைதி இருந்துச்சு, ஞாபகம் இருக்கா? நாய்க்குட்டியா இருந்திருந்தா அந்த அமைதி வந்திருக்காது.

இதைக் கலாசாரம், பாரம்பரியம்னு சொல்றவங்களுக்காகக் கொஞ்சம் பழைய கணக்கு பாக்கலாம். பத்துப்பாட்டுல பெரும்பாணாற்றுப்படைன்னு ஒரு பாட்டு இருக்கு. கடியலூர் உருத்திரங்கண்ணனார் பாடினது. பாடப்பட்டவன் காஞ்சியை ஆண்ட தொண்டைமான் இளந்திரையன். அதாவது தொண்டை மண்டலம். திருத்தணி இருக்கிற அதே மண்டலம். அதுல கள் விக்கிற வீட்டைப் பத்தி வருது. ஆண் பன்றியைப் பெட்டையோட சேரவிடாம, குழியில வச்சு, மாவு போட்டுப் பல நாள் கொழுக்க வைக்கிறாங்க. அந்தக் கொழுத்த கறியும் நல்ல கள்ளும் உங்களுக்குக் கிடைக்கும்னு ஒரு பாணன் இன்னொரு பாணனுக்கு வழி சொல்றான். இது வேட்டையில கிடைச்ச காட்டுப்பன்றி இல்ல, வீட்டுல தொழிலா வளர்த்த பன்றி. காட்டுப்பாக்கத்துல நம்ம கால்நடைப் பல்கலைக்கழகம் இன்னிக்கு ஆராய்ச்சி நிலையம் வச்சு நடத்துற பன்றி வளர்ப்புக்கு இலக்கியத்துலயே முன்னோடி இருக்கு.

அடுத்தது கண்ணப்பர். எல்லைக்கு அந்தப் பக்கம் காளத்தி. வேடன் திண்ணன் முதல் நாள் வேட்டையில அடிச்சது ஒரு காட்டுப்பன்றி. அதைத் தீயில வாட்டி, எந்தத் துண்டு பதமா இருக்குன்னு வாயில போட்டுக் கடிச்சுப் பாத்து, நல்லதைத் தனியா எடுத்துச் சிவனுக்குக் கொண்டு போறான். அடுத்த நாள் பூசாரி சிவகோசரியார் வந்து இறைச்சியையும் எலும்பையும் பாத்துப் பதறி, இடத்தைக் கழுவிச் சுத்தம் பண்றார். 12ஆம் நூற்றாண்டுல சேக்கிழார் எழுதினப்போ, அவர் யார் பக்கம் நின்னார்னு எல்லாருக்கும் தெரியும். கண்ணப்பர் 63 பேர்ல ஒருத்தர். ஆனா நடைமுறையில ஜெயிச்சது சிவகோசரியாரோட குழாயடிதான்.

அப்புறம் வள்ளி. கோபம் தணிஞ்ச மலைங்கிறதால தணிகை. இங்கதான் முருகன் வள்ளியைக் கல்யாணம் பண்ணிக்கிட்டார்னு தல வரலாறு. வள்ளி யாரு? தினைப்புனம் காத்த வேடர் வீட்டுப் பொண்ணு. அவ அப்பா வீட்டு அடுப்புல என்ன வெந்திருக்கும்னு யாராவது யோசிச்சிருக்கோமா? தேனும் தினைமாவும் மட்டும்னு நினைச்சுக்கறது நமக்கு வசதி. திருமுருகாற்றுப்படையில முருகனுக்கு வேலன் ஆடுற களத்துல ஆட்டுக்கிடாய் ரத்தம் கலந்த வெள்ளை அரிசியைப் படைக்கிறாங்க. முருகனோட மாமனார் வீட்டுச் சாப்பாட்டைத்தான் நாம மலையடிவாரத்துல சமைக்கக் கூடாதுன்னு சொல்லிட்டிருக்கோம். இதை அக்காகிட்ட சொல்லலாம்தான். சொன்னா அடுத்த மாசம் வேற வீடு பாக்கணும்.

எல்லைன்னு சொன்னதால ஒரு வார்த்தை. இந்த ஊரே 1960 ஏப்ரல் 1 வரைக்கும் ஆந்திராவுலதான் இருந்துச்சு, சித்தூர் மாவட்டத்துல. ம.பொ.சி. நடத்தின வடக்கெல்லைப் போராட்டம், படாஸ்கர் பரிந்துரை, 1959ல சட்டம், அப்புறம்தான் நமக்கு வந்துச்சு. திருப்பதியும் காளத்தியும் அங்கேயே நின்னுருச்சு. கண்ணப்பர் அந்தப் பக்கம், வள்ளி இந்தப் பக்கம். ஆனா அடுப்புக்கு எல்லை தெரியாது. எங்க தெருவுல பாதி வீட்டுல தெலுங்குதான் பேசறாங்க.

இப்போ நிஜமாவே சமையல்.

ஒரு கிலோ கறிக்கு மூணு தண்டு எலுமிச்சைப்புல். வெளி மடலை உரிச்சுட்டு அடிப்பக்க வெள்ளைப் பகுதியை மட்டும் பொடிப்பொடியா நறுக்கணும், இல்லன்னா வாயில நார் சிக்கும். எட்டுப் பல் பூண்டு, பத்துச் சின்ன வெங்காயம். வியட்நாம்லயும் இதே சின்ன வெங்காயம்தான். பெரிய வெங்காயம் போடாதீங்க, தண்ணி விட்டுக்கும். எல்லாத்தையும் அம்மியில நசுக்கலாம், மிக்ஸியில ரெண்டு சுத்துப் போதும். இனிப்புக்கு நான் சர்க்கரை போடல, பனைவெல்லம் தட்டிப் போட்டேன். இது என் சொந்த மாத்தம்னு யாரும் நினைக்க வேண்டாம். மேகாங் கழிமுகத்துல கம்போடிய எல்லையை ஒட்டி ஆன் சியாங்னு ஒரு மாகாணம். அங்க வயல் வரப்புல வரிசையா பனைமரம் நிக்கும். நம்ம பனையேதான். அதுல பதநீர் இறக்கி வெல்லம் காய்ச்சறாங்க. பேரு 'தோட் நோட்'. போட்டோவைக் காட்டினா திருச்செந்தூர்ப் பக்கம்னு சொல்லிடுவீங்க.

மீன் சாஸ் மூணு கரண்டி. 'நுக் மாம்'. இதுக்கு மாத்து கிடையாது, சென்னையிலேருந்து வாங்கிட்டு வந்தேன். ஃபூ குவோக் தீவுல நெத்திலியையும் உப்பையும் மூணுக்கு ஒண்ணுன்னு பெரிய மரத் தொட்டியில போட்டு, ஒரு வருஷம் போல அப்படியே விட்டு, அடியில வடியிற தெளிவைப் பிடிப்பாங்க. பாட்டிலைத் திறந்தா கருவாட்டுக் கடை வாசனை. பயப்படாதீங்க, அடுப்புல பட்டதும் அது எங்க போச்சுன்னே தெரியாது. மிளகுத்தூள், கொஞ்சம் எண்ணெய், பிசறி நாலு மணி நேரம் ஊறட்டும்.

நொய்தான் சவால். குக்கர்ல வச்சா கஞ்சியாயிடும். நாம நூறு வருஷமா நொய்யைக் கஞ்சியாவே பாத்ததுக்கு அதுவும் ஒரு காரணமா இருக்கலாம். சைகோன்ல நல்ல கடைகள்ல ஆவியில வேக வைப்பாங்க. நம்மகிட்ட அதுக்கு உலகத்துலயே சிறந்த கருவி இருக்கு: இட்லிப் பானை. பச்சரிசி நொய்யைச் சட்டுனு கழுவி, இருபது நிமிஷம் ஊற வச்சு, தண்ணியை முழுக்க வடிச்சு, ஈரத் துணி விரிச்ச தட்டுல பரப்பி, மூடி, இருபத்தஞ்சு நிமிஷம். நடுவுல ஒரு தடவை கொஞ்சம் வெந்நீர் தெளிச்சுக் கிளறி விடணும். உதிரி உதிரியா, லேசான ஒட்டலோட, கிட்டத்தட்ட பொடி முத்து மாதிரி வரும். கஞ்சி ஞாபகமே வராது.

கறியைக் கரியில வாட்டினா நல்லது. முடியலன்னா தோசைக்கல் போதும், ஆனா கல் நல்லா சூடாகணும், ஒரு நேரத்துல ரெண்டு துண்டுக்கு மேல போடக் கூடாது. வெல்லம் இருக்கிறதால சீக்கிரம் கருகும், பக்கத்துலயே நிக்கணும். வெங்காயத்தாளை நறுக்கி, உப்புப் போட்டு, கொதிக்கிற எண்ணெயை மேல ஊத்தினா 'மோ ஹான்'. பன்றிக் கொழுப்பு உருக்கின எண்ணெய்னா இன்னும் மணம். கேரட்டும் முள்ளங்கியும் குச்சி குச்சியா நறுக்கி வினிகர், சர்க்கரை, உப்புல ஊறப் போட்டுக்கலாம். தொட்டுக்க மீன் சாஸ், எலுமிச்சை, சர்க்கரை சம அளவு, வெதுவெதுப்பான தண்ணி நாலு மடங்கு, பூண்டு, பச்சைமிளகாய். மேல ஒரு முட்டை.

வியட்நாம்ல மத்த சோறெல்லாம் கிண்ணத்துல, குச்சியில. இதை மட்டும் தட்டுல, ஸ்பூனும் முள்கரண்டியும் வச்சுச் சாப்பிடறாங்க. நொய்யைக் குச்சியில எடுக்க முடியாதுங்கிறதும் ஒரு காரணம். பிரெஞ்சுக்காரங்களுக்குப் பரிமாற ஆரம்பிச்சதுலேருந்து தட்டு வந்துச்சுன்னும் சொல்றாங்க. எப்படியோ, ஆலைக் கூலிக்காரன் சாப்பாடு நகரத்துக்குள்ள வந்து, தட்டு மாறி, பேரு மாறாம நின்னுருச்சு. பேரை மாத்தலங்கிறதுதான் எனக்குப் பிடிச்சிருக்கு. நம்ம ஊர்ல ஒரு ஓட்டல் நொய்ச்சோறுன்னு போர்டு வைக்குமா? 'ஹெரிடேஜ் பிரோக்கன் ரைஸ்'னு வைக்கும்.

அன்னிக்கு அம்மா ஊர்லேருந்து வந்திருந்தாங்க. கடையில நொய் வாங்கிட்டு வந்ததைப் பாத்ததுமே முகம் மாறிடுச்சு. "விருந்தாளிங்க வர்றாங்கன்னு சொன்ன, நொய்யா போடுவ?" பன்றியைப் பத்தி ஒரு வார்த்தை கேக்கல. நொய்தான் உறுத்துச்சு. மில்லுலேருந்து பாட்டி முந்தானையில முடிஞ்சு கொண்டு வந்த நொய்யை, பக்கத்து வீட்டுக்குத் தெரியாம கதவைச் சாத்திட்டுக் காய்ச்சின கதையை அப்போதான் முதல் தடவையா எனக்குச் சொன்னாங்க. முப்பது வருஷமா என்கிட்ட சொல்லாத கதை. நான் வெங்காயத்தாள் நறுக்கிட்டே கேட்டேன்.

நண்பர்கள் மூணு பேர் வந்தாங்க. போட்டோ எடுத்தாங்க, சாப்பிட்டாங்க, கறி தீந்து போச்சு. அம்மா கடைசியா உக்காந்தாங்க. முதல்ல ஒரு கரண்டி சோறு மட்டும் போட்டுக்கிட்டாங்க, ரசம் இருக்கான்னு கேட்டாங்க. இல்லன்னேன். வெங்காயத்தாள் எண்ணெயை ஊத்திப் பிசைஞ்சு ஒரு வாய் வச்சாங்க. அப்புறம் இட்லிப் பானையைத் தன் பக்கமா இழுத்துக்கிட்டாங்க.

"தண்ணி எவ்ளோ தெளிச்ச?"ன்னு மட்டும் கேட்டாங்க.